மீன் தாழ்த்த மண்

மண்ணைத் தொட்டால் மனம் ஆறுமாம். உங்களில் ஒருத்தி போன கிழமை அனுப்பிய வீடியோ அப்படித்தான் சொன்னது. கையுறை போடாத விரல்கள் கறுப்பு மண்ணைப் பிட்டுக்கு மா குழைப்பதுபோல் குழைக்கின்றன, பின்னால் புல்லாங்குழல். பாதியில் நிறுத்திவிட்டுப் போய்க் கை கழுவினேன். தொட்டது தொலைபேசியைத்தானே என்று கேட்காதீர்கள். சவர்க்காரம் போட்டுக் கழுவினேன்.

நாமெல்லாம் மொன்றியல் பார்க் எக்ஸ்டென்ஷனில் ஒரே பூங்காவில் ஊஞ்சலுக்குச் சண்டை பிடித்து வளர்ந்தவர்கள். இப்போது முப்பதுகளின் நடுவில் நிற்கிறோம். குனிந்தால் இடுப்புப் பிடிக்கிறது, காதோரம் ஒன்றிரண்டு வெள்ளை. எல்லாருக்கும் ஒரேயடியாகத் தோட்டப் பைத்தியம் பிடித்திருக்கிறது. எனக்கு எதிலாவது பைத்தியம் பிடிக்காத வருசமே இல்லை என்பது உங்களுக்குத் தெரியும். காளான், கித்தார், நட்சத்திரம், கடைசியாகத் தேனீ. எதற்குக் கூப்பிட்டாலும் முதல் ஆளாக வருவேன். தோட்டத்துக்கு மட்டும் வரமாட்டேன். ஏன் என்று கேட்டீர்கள். எழுதுகிறேன். சாப்பிட்டுக்கொண்டு வாசிக்க வேண்டாம்.

ரெண்டாயிரத்துகளின் தொடக்கம். எனக்குப் பத்து வயதிருக்கும். நாங்கள் கீழ்வீட்டில் இருந்தோம். மேல்வீட்டில் அம்மாவின் அண்ணன், பெரியமாமா, மாமியோடு இருந்தார். வீடு மாமாவுடையது. பின்வளவும் மாமாவுடையது. வளவு என்றால் பெரிதாக நினைக்காதீர்கள்: உடுப்புக் காயப்போடும் கம்பி, அதன் மரக் கம்பம், கம்பத்தடியில் மாமாவின் காருக்கான குளிர்கால ரயர்கள், மிச்சம் புல்லும் புல் மாதிரி ஒன்றும்.

அம்மா ஒரு தையல் பக்டறியில் வேலை செய்தார். அந்த வீட்டில் அம்மாவுக்கென்று இருந்தவை எவை என்று இப்போது யோசித்தால், ஒரு குளிர்க் கோட்டும் ஒரு தையல் கத்தரியும்தான். கறுப்புப் பிடி போட்ட, பாரமான கத்தரி. துணியைத் தவிர எதையும் அது தொடக்கூடாது. பள்ளிக்கூட வேலைக்குக் கடுதாசி வெட்டக் கேட்டதற்கே ஒருமுறை என் முதுகில் விழுந்திருக்கிறது.

வேலிக்கு அந்தப் பக்கம் மதாம். எல்லாக் கிழவிகளையும் நாங்கள் மதாம் என்றுதான் சொன்னோம். இவர் எங்கள் மதாம். அந்த ஓகஸ்டில் அம்மா உடுப்புக் காயப்போடும்போது மதாம் வேலிக்கு மேலால் ஒரு கோப்பையை நீட்டினார். உள்ளே மிளகைவிடக் கொஞ்சம் பெரிய கறுப்புப் பழங்கள், காம்போடு கொத்துக் கொத்தாக.

"என்ன பழமெண்டு கேள் பிள்ளை," என்றார் அம்மா. அம்மா பிரெஞ்சு பேசி நான் கேட்டதில்லை. வெளியில் எல்லாவற்றுக்கும் நான்தான் வாய்.

காசிஸ் என்றார் மதாம். இங்கிலிஷ்காரரின் பிளாக்கரன்ட். அம்மா ஒன்றை வாயில் போட்டார். முகம் சுருங்கியது, ஒரு கண் மூடியது, தோள் ஒருமுறை சிலிர்த்தது.

"இஞ்ச வந்து இப்பதான் பழமெண்டு ஒண்டு தின்னுறன். மற்றதெல்லாம் சீனித் தண்ணி."

உள்ளே போய் உப்பையும் மிளகாய்த்தூளையும் கலந்து கொண்டுவந்து, வேலியடியில் நின்றபடியே கோப்பையை முடித்தார். மதாமும் ஒரு பழத்தைத் தூளில் தோய்த்து வாயில் வைத்துவிட்டு, இருமி, கண்ணைத் துடைத்து, இன்னொன்றுக்குக் கையை நீட்டினார். நானும் ஒன்றைக் கடித்தேன், உடனே துப்பினேன். அந்தச் செடியின் இலையைக் கசக்கி மணந்தால் அச்சாகப் பூனை மூத்திரம். பழத்திலும் அதன் அடிச்சுவை இருக்கிறது. நான் கூட்டிச் சொல்வதாக நினைத்தால் நீங்களே கசக்கிப் பாருங்கள்.

ஒக்டோபரில் மதாம் எங்கள் பின்கதவைத் தட்டினார். பனி போன பிறகு அவருடைய மகன் காரை விடுவதற்காகப் பின்வளவு முழுவதும் கொங்கிறீட் போடப் போகிறான். காசிஸ் செடி மூன்று இருக்கிறது. அம்மாவுக்கு வேண்டுமா. இலை கொட்டிவிட்டது, இதுதான் கிளப்பி வைக்க நல்ல நேரம்; வேர் அளவுக்குக் குழி, அதே மண், ஒரு வாளி தண்ணீர், வேறொன்றும் வேண்டாம். சனிக்கிழமை கொண்டுவரட்டுமா.

நான் சொல்லி முடிக்குமுன்பே அம்மா தலையாட்டத் தொடங்கிவிட்டார். "ஓமெண்டு சொல்லு. நாளைக்கெண்டாலும் சரியெண்டு சொல்லு."

அம்மா யாரிடமும் எதையும் வேண்டும் என்று சொல்லி நான் கேட்டது அதுதான் முதல்தரம். அதை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள். மூன்று செடி, ஒரு சனிக்கிழமை, ஒரு வாளி தண்ணீர்.

அன்றிரவுச் சாப்பாட்டில் விசயம் அப்பாவின் கைக்குப் போனது.

"கண்டு வைக்கிறதெண்டால் முதல் நிலம் வேணும். உந்தக் கட்டாந்தரையில வைச்சு என்ன பிரயோசனம்? முதல் தாழ்க்கோணும். அது உக்கி வரட்டும். பேந்து வைப்பம்."

"மூண்டு கண்டுக்கு என்னத்துக்கப்பா புகையிலைத் தோட்டம் செய்யுறியள்?" என்றார் அம்மா.

"உமக்கு உது விளங்காது. நீர் சும்மா இரும்."

தாழ்ப்பது என்றால் உங்கள் வீடுகளிலும் கேள்விப்பட்டிருப்பீர்கள். ஊரில் புகையிலை நடுவதற்கு முன் பச்சைக் குழைகளை வெட்டி வந்து நிலத்தைக் கிண்டிப் புதைப்பார்கள். அந்த வெக்கையிலும் மழையிலும் கொஞ்ச நாளில் அது மண்ணோடு மண்ணாகிவிடும். அதற்குமேல்தான் கன்று. அப்பாவின் பரம்பரையே அப்படிச் செய்த பரம்பரையாம். பல வருசம் கழித்துச் சித்தப்பா ரொறன்ரோவிலிருந்து வந்தபோது நான் இதைக் கேட்டேன். அவர் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார். "உன்ர கொப்பரோ? அவர் தோட்டப் பக்கம் வந்தால் சேட்டு ஊத்தையாப் போயிடுமெண்டு ரியூசனுக்குச் சைக்கிளில திரிஞ்ச ஆள்."

மேல்வீட்டுக்குச் செய்தி போனதும் மாமாவும் இறங்கி வந்தார். மாமா ஊரில் விவசாயக் கந்தோரில் கிளாக்காக இருந்தவர். மண் விசயத்தில் அவரைக் கேட்காமல் ஒரு புல்லும் முளைக்கக்கூடாது.

"ஐசே, குழை மட்டும் காணாது. எரு வேணும். ஆட்டெரு."

"மச்சான், ஆட்டெருவை விட மீன் திறம். கடற்கரைப் பக்கத்துச் சனம் மீன்தான் தாழ்க்கிறது."

"நீர் எந்தக் கடற்கரையைக் கண்டனீர்?"

அம்மா பாத்திரம் கழுவிக்கொண்டிருந்தார். சனிக்கிழமை மதாமிடம் போய் இப்போது வேண்டாம், நிலம் தயாராகட்டும் என்று சொல்லிவிட்டு வந்தேன். மதாமுக்கு விளங்கவில்லை. நிலம் ஏற்கெனவே நிலம்தானே என்றார். அதை நான் தமிழில் அப்பாவிடம் சொன்னேன். அப்பா சிரித்தார்.

முதலில் இலை. இலையுதிர் காலத்தில் சனம் முற்றத்து இலைகளை அள்ளிப் பைகளில் கட்டித் தெருவோரம் வைக்குமே, அந்தப் பைகளை அப்பாவும் மாமாவும் ஒரு ஞாயிறு காலையில் கார் நிறைய ஏற்றி வந்தார்கள். "விசர்ச் சனங்கள், குழையைக் குப்பையெண்டு எறியுதுகள்," என்று அப்பா வழியெல்லாம் சந்தோசப்பட்டார். பையை அவிழ்க்க முடிச்சு இறுகியிருந்தது. அப்பா உள்ளே போய் அம்மாவின் தையல் கத்தரியை எடுத்து வந்தார்.

அம்மா அப்போது வேலையில் இருந்தார். ஞாயிறும் வேலை.

ஒரு பைக்குள் இலை. ஒரு பைக்குள் இலையும் நாய்ப் பீயும், சின்னச் சின்ன நீலப் பைகளில் ஒழுங்காக முடிச்சுப் போட்டு. ஒரு பைக்குள் குழந்தையின் பம்பர்ஸ், ஊறி வீங்கி. மாமா அதைக் கத்தரி நுனியால் தூக்கி எட்டி எறிந்தார். "எல்லாம் உக்கிற சாமான்தான்," என்றார் அப்பா. நான் படியில் உட்கார்ந்து ஓங்காளித்துக்கொண்டிருந்தேன். "என்ன பிள்ளை, மண்ணுக்கு அரியண்டம் பார்க்கக்கூடாது," என்றார் மாமா. அவர் மட்டும் கையுறை போட்டிருந்தார்.

அடுத்தது மீன். அப்பா டவுன்டவுனில் ஒரு ரெஸ்டோரண்டின் குசினியில் வேலை செய்தார். மீன் வெட்டுவது அவர் பொறுப்பு. மயோனைஸ் வந்த பெரிய வெள்ளை வாளி ஒன்றில் தலை, குடல், செவுள், செதிள் எல்லாவற்றையும் சேர்த்து வைத்திருந்தார். அடுத்து வந்த சனிக்கிழமை அம்மாவுக்கு வேலை. என்னைப் பார்க்க ஆளில்லாததால் அப்பா தன்னோடு கூட்டிப் போயிருந்தார். பின்னேரம் நாங்கள் அந்த வாளியோடு மெட்ரோவில் ஏறினோம்.

மூடி சரியாக இறுகவில்லை. ரயில் ஒவ்வொருமுறை நிற்கும்போதும் வாளிக்குள் ஒரு சத்தம் கேட்டது. களக். பிறகு மூடியின் விளிம்பால் ஒரு கோடு இறங்கியது, ரோஸ் நிறத்தில், சளி மாதிரி இழுபட்டு. முன்னால் இருந்த பெண் முதலில் தன் சப்பாத்தின் அடியைப் பார்த்தாள். பிறகு பக்கத்து ஆளைப் பார்த்தாள். பிறகு வாளியைக் கண்டாள். எழுந்து பெட்டியின் மற்ற முனைக்குப் போனாள். அவளோடு மூன்று நான்கு பேர் போனார்கள். வாளியைச் சுற்றி நல்ல விசாலமான இடம் உண்டானது. அப்பா அந்த இடத்தில் காலை நீட்டிக்கொண்டார்.

"பார்த்தியா, இருக்க இடம் கிடைச்சிட்டுது. இஞ்ச வா மோனை."

நான் கதவுப் பக்கம் போய் நின்று அந்த மனிதரை எனக்குத் தெரியாததுபோல் வெளியே இருட்டைப் பார்த்தேன். இதற்காக நான் இன்றுவரை வருத்தப்படவில்லை. இன்றும் அதே பெட்டியில் அதே வாளி ஏறினால் அதே கதவடியில்தான் நிற்பேன்.

மாமாவின் பங்கு கடைசியாக வந்தது. உங்களுக்கு ஞாபகம் இருக்கும், அப்போதெல்லாம் நாலைந்து குடும்பம் சேர்ந்து பாலம் தாண்டி, புரோசார்ட் ஊரையும் தாண்டி ஏதாவதொரு பண்ணைக்குப் போய் ஆடு வாங்கிப் பங்கு போடுவார்கள். அந்த முறை மாமா பங்கு இறைச்சியோடு இரண்டு சாக்கும் கொண்டுவந்தார். ஒன்றில் ஆட்டுப் புழுக்கை. மற்றதில் வயிறும் குடலும், உள்ளிருந்தவற்றோடு. பின்சீற்றில் எனக்கும் மாமிக்கும் நடுவில் வைத்தார்கள். சாக்கு சூடாக இருந்தது. ஒவ்வொரு வளைவிலும் என் தொடையில் வந்து சாய்ந்தது, நித்திரை தூங்கும் ஆள் சாய்வதுபோல. மாமி சேலைத் தலைப்பால் மூக்கைப் பொத்திக்கொண்டு, "உங்கட மாமாவுக்குப் பிள்ளைகள் இல்லாதது நல்லதாப் போச்சு," என்று மட்டும் சொன்னார்.

பின்வளவின் நடுவில் கிடங்கு வெட்டினார்கள். ஒரு ஆளை நீட்டிப் படுக்கவைக்கலாம், அவ்வளவு பெரிது. இலை ஒரு அடுக்கு, மீன் ஒரு அடுக்கு, திரும்ப இலை, ஆடு. மீன் வாளியைக் கவிழ்த்தபோது அது ஒரே துண்டாக, வாளியின் வடிவத்திலேயே வந்து இருந்து, பிறகு மெல்லச் சரிந்து பரவியது. கண்கள் பல பக்கமும் பார்த்தன. பெரிய வால்களை அப்பா அம்மாவின் கத்தரியால் துண்டாக்கினார்.

அம்மா வேலையால் வந்து கதவில் நின்றார்.

"அதாலயா வெட்டுறியள்?"

"கழுவித் தாறன்."

"அது துணிக் கத்தரியப்பா."

"கழுவித் தாறன் எண்டுறன்."

கழுவித் தரவில்லை. பொழுதுபட மண்ணைப் போட்டு மூடி, இரண்டு பேரும் மேலே ஏறி நின்று மிதித்து, தேத்தண்ணி குடிக்க வந்தபோது கத்தரி எங்கும் இல்லை. எங்கேயோ வைத்தேன், பேந்து தேடித் தாறன் என்றார் அப்பா.

இப்போது உங்களுக்கு விளங்கியிருக்கும். எனக்கு விளங்கியது பள்ளிக்கூடத்தில் நீரும் காற்றும் நுண்ணுயிரும் படித்தபோதுதான். நாலைந்து கிழமையில் உக்கிவிடும் என்றார் அப்பா. அது ஊரில். இங்கே அடுத்த கிழமை மண் கல்லானது, அதற்கடுத்த கிழமை பனி விழுந்தது. மொன்றியலில் குளிர் தொடங்குகிற நேரத்தில் இரண்டு வளர்ந்த மனிதர்கள் ஒரு குளிர்சாதனப் பெட்டியைத் தோண்டி, அதற்குள் மீனையும் ஆட்டையும் வைத்து, பத்திரமாக மூடியிருந்தார்கள். அம்மா அந்தக் குளிர் முழுவதும் பக்டறியில் இரவல் கத்தரியோடு வேலை செய்தார்.

ஏப்ரலில் பனி உருகும்போது இந்த நகரத்தில் என்னென்ன வெளியே வரும் என்று உங்களுக்குத் தெரியும். ஒற்றைக் கையுறை, சிகரெட் கட்டை, ஐந்து மாத நாய்ப் பீ. எங்கள் வளவில் அப்பாவின் கிடங்கு வந்தது.

முதலில் நடுவில் இறங்கியது. இறங்கிய பள்ளத்தில் சாம்பல் தண்ணீர் நின்றது, மேலே வானவில் நிறத்தில் எண்ணெய்ப் பாடை. பிறகு ஊதியது. ஆட்டுக் குடலுக்குள் காற்றுப் பிடித்து, மண்ணைத் தள்ளிக்கொண்டு ஒரு வெளிறிய முழங்கை மாதிரி எழும்பி நின்றது. இலைகள் உக்கவேயில்லை, ஒன்றோடொன்று ஒட்டி ஈரத் தோல் அடுக்காக இருந்தன. ஒவ்வொரு அடுக்கும் தன்னுடைய நாற்றத்தை அடைகாத்துக் கொண்டிருந்தது. வெடுக்கு என்று ஒரு சொல்லில் சொல்ல முடியாது. கூழ் முட்டை, அடைத்த சாக்கடைக் கான், யாரோ எடுத்த பழைய சத்தி, அதற்குமேல் ஒரு இனிப்பு. அந்த இனிப்புத்தான் தாங்கமுடியாதது. என் கோட்டில் ஏறியது, தலைமயிரில் ஏறியது. வகுப்பில் எனக்குப் பக்கத்தில் இருந்தவன் கதிரையை இழுத்துக்கொண்டு போனான். வெள்ளைக் கடற்பறவைகள் எங்கிருந்தோ வந்து மாமாவின் கம்பியில் வரிசையாக இருந்தன.

மாமி மேலே ஜன்னலைத் திறக்கவில்லை. "குளிச்சுப்போட்டு வந்தாலும் மணக்குது. சாமிப் படத்துக்குக் கொளுத்தின ஊதுபத்தியும் இதைத்தான் மணக்குது."

ஆண்கள் இரண்டு பேரும் கிடங்கின் கரையில் நின்று ஆராய்ந்தார்கள்.

"ஐசே, இது உம்மட மீன்."

"மீன் எப்பவோ உக்கிப்போச்சு மச்சான். இது உங்கட ஆடு."

"ஆடு இப்பிடி மணக்காது."

"நீங்கள் செத்த ஆட்டை எப்ப மணந்தனீங்கள்?"

இந்த வழக்கு பல நாள் நடந்தது. தோண்டி அள்ளி எறிவோம் என்று இருவரில் ஒருவரும் சொல்லவில்லை. தோண்டினால் யாருடையது உக்கவில்லை என்று தெரிந்துவிடும்.

மதாமின் மகன் திங்கட்கிழமை மெசினோடு வரப்போகிறான் என்று சனிக்கிழமை காலையில் மதாம் வந்து சொன்னார். மூன்று செடிகளையும் தானே கிளப்பி, வேரை ஈரச் சாக்கில் சுற்றி, வேலிக்கு மேலால் ஒவ்வொன்றாகத் தந்தார். மொட்டு வெடித்து நுனிகளில் பச்சை தெரிந்தது. இனி ஒரு நாளும் வைத்திருக்க முடியாது, இன்றைக்கே நடுங்கள் என்றார். கைக்குட்டையை மூக்கில் வைத்திருந்தார்.

அப்பா மண் கிண்டும் சவலை எடுத்துக்கொண்டு கிடங்கடிக்குப் போனார்.

"உதுக்குள்ளயா வைக்கப் போறியள்?" என்றார் அம்மா.

"பின்னை? குளிருக்கு முதல் இவ்வளவு பாடுபட்டது என்னத்துக்கு? இதுதான் பசளை. மூக்கைப் பொத்திக்கொண்டு கண்டைத் தாரும்."

முதல் செடியை வைத்தார். இரண்டாவதற்குச் சவலை இறக்கியபோது உள்ளே ஏதோ இரும்பில் பட்டுக் கிண்ணென்றது.

"நிப்பாட்டுங்கோ," என்றார் அம்மா.

குந்தி இருந்தார். சுவெற்றரின் கையைத் தோள்வரை சுருட்டினார். பிறகு அந்தச் சாம்பல் கூழுக்குள் கையை விட்டார். மணிக்கட்டு போனது, முழங்கை போனது, தோள் மட்டத்தில் நின்று முகத்தை மற்றப் பக்கம் திருப்பிக்கொண்டு தடவினார். எங்களைப் பார்த்தபடிதான் தடவினார். மாமா பார்வையை எடுத்துக் கம்பியில் இருந்த பறவைகளைப் பார்த்தார். அப்பா, "விடும், புதுசு வாங்கித் தாறன்," என்றார். அம்மாவின் கை வெளியே வந்தபோது பல் இடுக்கில் பாக்கைச் சப்பும் சத்தம் மாதிரி ஒன்று கேட்டது. கையில் கத்தரி. அதன் இரண்டு அலகுக்கும் நடுவில் வெள்ளையாக ஏதோ தொங்கியது. தோல், அல்லது துடுப்பு, அல்லது இரண்டும். நான் அந்த இடத்திலேயே சத்தி எடுத்தேன். அதையும் அப்பா மண் தள்ளி மூடினார்.

அம்மா கத்தரியைப் புல்லில் துடைத்தார். மூன்றாவது செடியைச் சாக்கோடு தூக்கிக்கொண்டு கம்பத்தடிக்குப் போனார்.

"தங்கச்சி, அதில ரயர் கிடக்கு," என்றார் மாமா.

"தூக்குங்கோ அண்ணை."

மாமா நின்றார். அம்மா கையை நீட்டினார். அந்தக் கை தோள்வரை சாம்பலாக, சொட்டிக்கொண்டு, மாமாவின் வெள்ளைச் சேட்டுக்கு ஒரு சாண் முன்னால் நின்றது. மாமா ரயர்களைத் தூக்கினார்.

படிக்கட்டில் ஐஸ் உடைக்கும் இரும்பால் அம்மா குழி தோண்டினார். போத்தல் ஓடு, செங்கல் துண்டு, துருப்பிடித்த ஆணி, ஒரு கரண்டிக் காம்பு. அவற்றை நான் பொறுக்கி எடுத்தேன். அந்த மண் ஒன்றும் மணக்கவில்லை. குளிராக இருந்தது, அவ்வளவுதான். வேர் அளவுக்குக் குழி, அதே மண், ஒரு வாளி தண்ணீர். தேத்தண்ணி கொதிக்கும் நேரத்தில் வேலை முடிந்துவிட்டது. அந்த நேரத்துக்காகத்தான் ஒரு குளிர்காலம் முழுவதும் காத்திருந்தோம்.

கிடங்கில் வைத்த இரண்டும் ஒரு கிழமை பச்சையாக நின்றன. அப்பா விடியவும் பொழுதுபடவும் போய்ப் பார்த்தார். பிறகு இலை நுனி கறுத்தது, தண்டு கறுத்தது. "வேர் பிடிக்குது, அதான்," என்றார். மே முடியுமுன் ஒன்றை நான் சும்மா தொட்டேன், கையோடு வந்துவிட்டது. வேர் இருந்த இடத்தில் சளி இருந்தது.

மதாம் வேலியடியில் கேட்டார். இரண்டும் எப்படி என்று அவர் கேட்டதை நான் அப்பாவிடம் சொன்னேன்.

"நித்திரையெண்டு சொல்லு. இடம் மாறினால் கண்டு கொஞ்ச நாள் நித்திரை கொள்ளும்."

சொன்னேன். அழகான, பிழையில்லாத, பள்ளிக்கூடத்துப் பிரெஞ்சில், அவை தூங்குகின்றன மதாம் என்றேன். மதாம் என் தலைக்கு மேலால் அந்த இரண்டு கறுத்த குச்சிகளைப் பார்த்தார். ஆ போன் என்றார், நாம் அப்படியா என்று சொல்வதுபோல. திரும்பிப் போய்க் கதவைச் சாத்தினார்.

இவ்வளவு நாற்றத்தையும் எழுதிவிட்டு இதைச் சொல்கிறேன். வாளியின் நாற்றம் குளித்தால் போய்விடும். ஒரு வளர்ந்த மனிதர் தன் மீனுக்கும் ஆட்டுக்கும் மரியாதை போகக்கூடாதென்று ஒரு கிழவியிடம் அவளுடைய செடிகளைப் பற்றிப் பொய் சொன்னார், அதுவும் என் வாயால். அந்த அடிச்சுவை நாக்கில் இன்னும் இருக்கிறது. அம்மா அப்போது பின்னால் நின்று கத்தரியில் துரு தேய்த்துக்கொண்டிருந்தார். எலுமிச்சம்புளி, உப்பு, சாம்பல், எல்லாம் போட்டுத் தேய்த்தார். அது அதற்குப் பிறகு துணி வெட்டவில்லை.

கம்பத்தடிச் செடி முதல் வருசம் சும்மா நின்றது. அடுத்த வருசம் பூத்து உதிர்ந்தது. அதற்கடுத்த கோடையில் காய்த்தது. அதற்குள் வீட்டுக்கு வரும் ஆட்களையெல்லாம் அப்பா பின்வளவுக்குக் கூட்டிப் போகத் தொடங்கியிருந்தார். "நான் தாழ்த்த நிலம். பாருங்கோ எப்பிடிக் காய்ச்சிருக்கெண்டு." தாழ்த்த இடம் பத்தடி தள்ளிக் கிடந்தது, அங்கே புல்கூடச் சரியாக வரவில்லை என்பதால் மாமா ரயர்களை அதன்மேல் அடுக்கிவிட்டார். வந்தவர்கள் தலையாட்டினார்கள். அம்மா தேத்தண்ணி கொண்டுவந்து கொடுத்தார். ஒன்றும் சொல்லவில்லை. அதுவும் எனக்கு அருவருப்பாக இருந்தது.

பழம் நன்றாகக் கறுத்த நாள் அம்மா அந்தத் துருக் கத்தரியால் கொத்துக் கொத்தாக வெட்டி ஒரு கோப்பை நிறைத்தார். வீட்டில் யாருக்கும் கொடுக்காமல் வேலியடிக்குக் கொண்டுபோனார். மதாம் கொங்கிறீட்டின் மேல், மகனின் காருக்குப் பக்கத்தில், பிளாஸ்டிக் கதிரையில் இருந்தார். எழும்பி வந்தார். ஒன்றை வாயில் போட்டார், பிறகு கோப்பைக்குள் எட்டிப் பார்த்து, உப்புத்தூள் எங்கே என்று கையால் கேட்டார். அம்மா மடியிலிருந்து தூள் சுற்றிய கடுதாசிச் சரையை எடுத்தார்.

தின்று முடித்து விரலை நக்கிக்கொண்டு மதாம் அம்மாவை நேரே பார்த்துக் கேட்டார். நன்றாகக் காய்த்திருக்கிறது, மண்ணுக்கு என்ன போட்டாய்.

பின்படிக்கட்டில் அப்பா பேப்பரோடு இருந்தார். அவருக்குக் குசினிப் பிரெஞ்சு போதுமான அளவு தெரியும். "என்ர தாழ்ப்பெண்டு சொல்லு பிள்ளை. மீன், ஆடு, இலை, எல்லாம் விபரமாச் சொல்லு."

நான் வாயைத் திறந்தேன்.

"ரியன்," என்றார் அம்மா.

ஒன்றுமில்லை என்பதற்குப் பிரெஞ்சுக்காரர் சொல்லும் சொல். பக்டறியில் நூறு தடவை கேட்டிருப்பார். அவர் வாயால் பிரெஞ்சு வந்ததை நான் அன்றைக்குத்தான் கேட்டேன். நான் இன்னும் வாயை மூடவில்லை.

"ரியன், மதாம்," என்றார் இன்னொருமுறை, கொஞ்சம் உரக்க, படிக்கட்டுக்கும் கேட்கும்படி. "ரியன்."

மதாம் அம்மாவைப் பார்த்தார், படிக்கட்டைப் பார்த்தார், ரயர் அடுக்கைப் பார்த்தார். பிறகு வேலியைப் பிடித்துக்கொண்டு சிரிக்கத் தொடங்கினார். ஊதாச் சாறு நாடியில் வழிந்தது. எங்களுக்குப் பின்னால் பேப்பர் மடிக்கும் சத்தம் கேட்டது, கதவுச் சத்தம் கேட்டது.

அம்மா ஒரு கொத்தைத் தூளில் தோய்த்து என்னிடம் நீட்டினார். "தின்."

அந்த நேரத்தில் மறுக்க முடியுமா? போட்டுக் கடித்தேன். அதே பூனை மூத்திரம். வேலியடியிலேயே துப்பினேன். அம்மா திட்டவில்லை. கொத்தில் மிச்சமிருந்ததை என் கையிலிருந்து எடுத்துத் தன் வாயில் போட்டுக்கொண்டார்.